அந்தரத்தில் நிற்கும் இளைய கன்னி

அக்கா,

இன்று மதியம் ஏழாம் வகுப்புச் சிறுமி ஒருத்தி உங்கள் புத்தகத்தை எடுத்துக்கொண்டு ஓவிய அறைக்கு வந்தாள். குறிஞ்சிப்பாடியில் அவள் சித்தி பழைய புத்தகங்களோடு சேர்த்து வாங்கியதாம். அட்டையின் முனைகள் மழுங்கியிருந்தன. முதுகில் யாரோ தாள் ஒட்டியிருந்தார்கள்.

"மிஸ், இந்தப் படமெல்லாம் நீங்கதான வரைஞ்சீங்க? கையெழுத்துப் போட்டுத் தாங்க மிஸ்," என்று நீட்டியவள் சற்றுத் தயங்கி, "இதுல ஏன் மிஸ் மழ வாசன வருது?" என்றாள்.

நெய்வேலியில் மழை பெய்து மாதங்களாகின்றன. ஜன்னல் கம்பியைத் தொட்டால் கை சுடுகிறது. புத்தகத்தைப் பிரித்து முகத்தருகே கொண்டுபோனேன். நனைந்த களிமண், குளத்துப் பாசி, அதற்கும் அடியில் வாடிய பூவின் மணம். எனக்குப் பழக்கமான வாசனைதான். "பழைய புத்தகம்னா அப்படித்தான் இருக்கும்மா," என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அவள் நம்பினதாகத் தெரியவில்லை.

அவள் போன பிறகு எனக்கு வகுப்பில்லை. வெறும் அறையில் உட்கார்ந்து உங்களுக்கு எழுதுகிறேன்.

நாம் முதலில் பேசிக்கொண்டது டவுன்ஷிப் ஆஸ்பத்திரியின் குழந்தைகள் வார்டில். என் மகன் காய்ச்சலில் கிடந்தான். நீங்கள் பகல் ஷிஃப்ட் நர்ஸ். ஊசிக்கு அழுதவனிடம் ஒரு கதை சொன்னீர்கள். கரையான் கட்டிய புற்றில் பாம்பு குடியேறிய கதை எல்லோருக்கும் தெரியும். ஆனால் உங்கள் கதையில் கரையான்கள் பாம்பின் மேல் கோபப்படவில்லை. மழைக்கு முந்தின நாள், "தண்ணி வருது, மேல ஏறிப் படு" என்று அதை எழுப்பிவிட்டன. என் மகன் அழுகையை மறந்து, "அப்புறம்?" என்றான்.

"இது எந்தப் புக்குல இருக்கு சிஸ்டர்?" என்று கேட்டேன்.

"எந்தப் புக்குலயும் இல்லம்மா. எங்க சனங்க சொல்றது. நான் இருளர் வூட்டுப் பொண்ணு. எழுதணும்னு இருக்கேன். படம் போடத்தான் ஆளு கெடைக்கல."

அப்படித்தான் தொடங்கியது. உங்களுக்கு ஓய்வு கிடைக்கிற நாட்களில் பஸ் ஏறி இருளர் குடியிருப்புகளுக்குப் போவோம். முத்தாண்டிக்குப்பம் பக்கம், குள்ளஞ்சாவடி தாண்டி, செங்கல் சூளைகளின் ஓரம். நீங்கள் கதை கேட்பீர்கள், நான் முகங்களை வரைவேன். சென்னையில் ஒரு சிறிய பதிப்பாளர் கிடைத்தார். பிள்ளைகள் தனியாகவும் படிக்கலாம், பெரியவர்கள் மடியில் வைத்தும் படித்துக் காட்டலாம் என்ற மாதிரிப் புத்தகங்கள். பாம்பைப் பற்றி ஒன்று, கிழங்கும் தேனும் தேடுகிறவர்களைப் பற்றி ஒன்று, மாசி மாதத்தில் கடற்கரைக்குப் போய்க் கன்னியம்மாவைக் கும்பிடுவதைப் பற்றி ஒன்று. அந்த மூன்றிலும் பயமில்லை. நான் தூங்கும்போதும் அவற்றின் படங்கள் அமைதியாகவே வந்தன.

நான்காவது புத்தகத்துக்கு நீங்கள் 'நாம் யாருடையவர்கள்' என்று தலைப்பு வைத்திருந்தீர்கள். அதற்காகத்தான் ஒருநாள் என்னைச் சுரங்கத்தின் விளிம்புக்கு அழைத்துப் போனீர்கள்.

நான் சுரங்கக் கம்பெனிக் குவார்ட்டர்ஸில் பிறந்தவள். அப்பா திருநெல்வேலியிலிருந்து வேலைக்கு வந்தார். எங்கள் பிளாக்கில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஒவ்வொரு மாவட்டம். சுரங்கம் எங்களுக்கு ஒரு சத்தம், மாடிப்படியில் படிகிற தூசு, அப்பாவின் ஷிஃப்ட் நேரம். அவ்வளவுதான். அன்றைக்குத்தான் அதை நிலமாகப் பார்த்தேன், அதாவது இல்லாமல் போன நிலமாக. கீழே எறும்பு மாதிரி லாரிகள். மறுகரை புழுதியில் மங்கித் தெரிந்தது. நடுவில் வெறும் காற்று.

நீங்கள் கையை நீட்டினீர்கள். கீழே இல்லை. நேராக, நம் கண் மட்டத்துக்கு.

"அதோ, அங்கதான் எங்க அம்மா வூடு."

நான் குழம்பினேன். அங்கே ஒரு பருந்து மட்டும் வட்டமிட்டுக்கொண்டிருந்தது.

"தர அங்கதானே இருந்துச்சு? நாம நிக்கற மட்டம். அந்தப் பருந்து இருக்கே, அதுக்குக் கொஞ்சம் இப்பால அடுப்பு. அதுக்குப் பின்னால கொளம். கொளத்தங்கரையில ஏழு கன்னிமாரு."

உங்கள் விரல் காற்றில் வாசலைக் காட்டியது, கொல்லையைக் காட்டியது. அதற்குக் கீழே ஆளுயரம் ஆளுயரமாக ஒன்றுமே இல்லை. நான் விளிம்பிலிருந்து பின்வாங்கினேன்.

"டவுன்ஷிப்புல எல்லாரும் வெளியூரு. நான் ஒருத்திதான் இந்த ஊரு. ஆனா எனக்குத்தான் ஊரு இல்ல," என்று சிரித்தீர்கள்.

அதே வாரம் உங்கள் தாய்மாமன் வீட்டுக்குப் போனோம். பெயர்ந்து போன சனங்கள் குடியேறிய இடம் அது. வேப்பமரத்தடியில் தகரக் கூரை போட்டு ஆறு கற்களுக்கு மஞ்சள் பூசி வைத்திருந்தார்கள். கன்னிமார் ஏழு பேராயிற்றே என்று கேட்டேன். மாமா பீடியை அணைத்தார். நீங்கள் வற்புறுத்திய பிறகுதான் வாய் திறந்தார்.

"கல்லுங்கள எடுத்தாரும்போது ஆறு பேரு வந்துட்டாங்க. எளையவ வரல. நாலு ஆம்பள சேந்து தூக்கனோம், அசையல. இத்தினிக்கூண்டு கல்லுதான். கடப்பாற போட்டுப் பாத்தோம். மண்ணுதான் பேந்துச்சு, அவ வரல. பொழுது போயிடுச்சு. வுட்டுட்டு வந்துட்டோம். அப்பால அந்த எடமே போயிடுச்சு."

"அப்ப அவ?" என்றீர்கள்.

"நடந்துகினு இருக்கா. உச்சி வெயில்ல வூடு வூடா வந்து நின்னு, எங்க வூடு எதுங்கன்னு கேப்பா. பாத்தவங்க இருக்காங்க. நாங்க அவ பேரச் சொல்றதில்ல. புள்ளைங்களுக்கும் சொல்லல."

"நான் அவ கதைய எழுதப்போறேன் மாமா."

அவர் எழுந்து நின்றுவிட்டார். "கதைய எழுது. பேர எழுதாத. அவளுக்குன்னு எடம் இல்ல. பேரு எங்க எழுதியிருக்குதோ, அங்க வந்து குந்திக்குவா."

திரும்பும் பஸ்ஸில் நீங்கள் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டு வந்தீர்கள். எனக்கு மனதுக்குள் நிம்மதியாக இருந்தது, பெயரை எழுதமாட்டீர்கள் என்று. டவுன்ஷிப் ஆர்ச்சுக்குள் பஸ் நுழையும்போது என் பக்கம் திரும்பினீர்கள்.

"மாமா சொன்னத கேட்டியா? எழுதின எடத்துல வந்து குந்திக்குவாளாம். அப்ப எழுதுனாத்தானே அவளுக்கு ஒரு எடம் கெடைக்கும்?"

உங்கள் முகத்தில் விளையாட்டே இல்லை. ஆபரேஷனுக்குப் போகிற பிள்ளையின் கையைப் பிடிக்கும்போது இருக்குமே, அந்த முகம்.

பதிப்பாளருக்கு அந்தக் கதை பிடிக்கவில்லை. "பழங்குடி மக்களோட ஞானம், இயற்கையோட இருக்கற ஒற்றுமை, இதுதான் மேடம் பெற்றோர் எதிர்பார்க்கறாங்க. இது பேய்க்கதை மாதிரி இருக்கே," என்று தொலைபேசியில் சொன்னார். நீங்கள் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "ஞானம்னா ஞானத்த மட்டும் எடுத்துக்கினு ஆள வுட்டுட்டு வரதா சார்?" என்றீர்கள். பதிப்பாளர் சம்மதித்தார்.

படம் வரைய எனக்குத்தான் கை வரவில்லை. கல்லாக வரைந்தேன், பொம்மை மாதிரி இருந்தது. பெண்ணாக வரைந்தேன், சினிமா அம்மனாகப் போயிற்று. கடைசியில் சுரங்கத்தின் விளிம்பை வரைந்து, நீங்கள் காட்டிய அந்தக் காற்றில், பழைய தரை மட்டத்தில், ஒரு சிறுபெண்ணை நிறுத்தினேன். பாவாடை, எண்ணெய் வைக்காத தலை. காலுக்குக் கீழே ஒன்றுமில்லை. ஆனால் தரையில் நிற்பவளைப் போல ஊன்றி நிற்கிறாள். முகத்தை விட்டுவைத்திருந்தேன்.

மத்தியானம். கணவர் ஷிஃப்டுக்குப் போயிருந்தார், மகன் பள்ளியில். யாரோ கதவருகே நிற்பது தெரிந்தது. கொரியர்காரர் என்று நினைத்துக் குனிந்த தலை நிமிராமல் "யாரு?" என்றேன். ஈர மண் வாசனை வந்தது. எழுந்து போய்ப் பார்த்தேன். படிக்கட்டு, எதிர் வீட்டுப் பூட்டு, வெயில். திரும்பி வந்து உட்கார்ந்து ஒரே மூச்சில் முகத்தை வரைந்து முடித்தேன். யார் சாயல் என்று கேட்டீர்கள். தெரியவில்லை என்றேன். நீங்கள் வெகுநேரம் பார்த்துவிட்டு, "தாகத்தோட இருக்கா," என்றீர்கள்.

புத்தகம் வந்தது. அந்தப் பெயரை நீங்கள் ஒரே ஒரு இடத்தில், அந்தப் படத்துக்கு எதிர்ப்பக்கத்தில் எழுதியிருந்தீர்கள். இந்த மடலில் நான் அதை எழுதவில்லை. இது யார் கைக்குப் போய்ச் சேரும் என்று எனக்குத் தெரியாது.

முதல் தொலைபேசி அழைப்பு கோயம்புத்தூரிலிருந்து. மகள் சாப்பிட உட்கார்ந்தால் பக்கத்தில் இன்னொரு தட்டு வைக்கிறாள், யாருக்கு என்றால் சொல்ல மறுக்கிறாள் என்று ஒரு தாய். பிறகு நம் டவுன்ஷிப்பிலேயே ஒரு வீடு. அங்கே மகன் பாயில் பாதியை விட்டுவிட்டு ஓரமாய்ப் படுக்கிறான். இன்னொரு வீட்டில் மதியம் கதவைச் சாத்தினால் பிள்ளை எழுந்துபோய்த் திறந்துவைக்கிறது. நீங்கள் கதையில் தட்டையும் எழுதவில்லை, பாயையும் எழுதவில்லை. நான் படத்தில் வரையவும் இல்லை. ஒருவரை ஒருவர் அறியாத பிள்ளைகள் எப்படி ஒரே மாதிரி இடம் ஒதுக்கினார்கள்?

பண்ருட்டியிலிருந்து தனியாக வாழும் ஒரு பெரியவர் பேசினார். நீங்கள் ஸ்பீக்கரில் போட்டீர்கள். அவர் ஊரும் சுரங்கத்துக்குப் போனதாம். "மத்தியானத்துல வாசல்ல யாரோ நிக்கிற மாதிரி இருக்குதுங்க. எனக்குப் பயமில்ல. எங்க ஊரு ஆளு ஒருத்தி வந்து பாத்துட்டுப் போறா. இவ்ளோ நாளு கழிச்சி," என்றவர் குரல் உடைந்து போனை வைத்துவிட்டார். நீங்களும் அழுதீர்கள். நீங்கள் அழுது நான் பார்த்தது அந்த ஒரு முறைதான்.

ஆனால் எல்லோரும் அப்படி இல்லையே. ஒரு அம்மா செய்தித்தாளில் சுற்றிய புத்தகத்தோடு உங்கள் வாசலுக்கே வந்தார். உள்ளே வரமாட்டேன் என்று படியிலேயே நின்றார்.

"தப்பா எடுத்துக்காதீங்க சிஸ்டர். இத எங்க வூட்டுல வச்சிக்க முடியல. பாப்பா யார்கூடவோ பேசிக்கினே இருக்குது."

நீங்கள் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டீர்கள். "பரவால்லங்க. வந்தவள வரவேண்டான்னு சொல்ல முடியுமா? எங்கிட்ட வுட்டுட்டீங்க இல்ல, போதும்."

அதன் பிறகு தபாலில் வந்தன. கடைகள் திருப்பி அனுப்பின. எல்லாவற்றையும் உங்கள் குவார்ட்டர்ஸ் முன்னறைக் கட்டிலில் அடுக்கினீர்கள். சித்திரை வெயிலில் அந்த அறை மட்டும் குளிர்ந்துகிடந்தது. கட்டிலை ஒட்டிய சுவரில் முழங்கால் உயரத்துக்கு ஈரம் ஏறியது. மெயின்டனன்ஸ் ஆள் வந்து தட்டிப் பார்த்துவிட்டு, "மேடம், இந்தச் செவுத்துல தண்ணி லைனே கெடையாதே," என்று தலையைச் சொறிந்தார். நான் அந்த அறையில் உட்காருவதை நிறுத்திவிட்டேன். சமையலறையில் வைத்துத்தான் பேசுவோம். நீங்கள் மட்டும் பழையபடி அந்தக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து யூனிஃபார்ம் மடிப்பீர்கள்.

செய்தி மாமாவுக்கு எட்டியது. ஒரு மதியம் வந்தார். வாசலிலேயே செருப்பைக் கழற்றிவிட்டுக் காற்றை முகர்ந்தார்.

"வந்துட்டாளா?"

"வந்துட்டா மாமா."

"நான் வேணான்னு சொன்னனே."

"எங்கதான் போவா? ஆறு பேருக்குக் கூர போட்டீங்க. அவளுக்கு?"

மாமா நேராகக் குளியலறைக்குப் போனார். குளித்துவிட்டு ஈரத்துண்டோடு முன்னறையில் உட்கார்ந்தார். கற்பூரம் ஏற்றி, வாய்க்குள் முணுமுணுக்கிற மாதிரி ஏதோ பாடத் தொடங்கினார். வெளியே மாலை ஷிஃப்டுக்குப் போகிற பஸ்ஸின் ஹாரன் கேட்டது. பாட்டு நின்றது. மாமாவின் தலை தொங்கியது. பிறகு அவர் வாயிலிருந்து ஒரு சிறுபெண்ணின் குரல் வந்தது. ஆடவுமில்லை, மிரட்டவுமில்லை. நடந்து களைத்த குரல்.

"எங்க வூடு எதுங்க?"

நான் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டேன். நீங்கள் அவர் எதிரில் மண்டியிட்டு உட்கார்ந்தீர்கள்.

"இதுதாண்டி. நான் இருக்கிற வரைக்கும் இதுதான் உன் வூடு."

ஒரு செம்புத் தண்ணீரை மாமா ஒரே மடக்கில் குடித்தார். தெளிந்ததும் உங்களைக் கோபமாகப் பார்த்தார். "நீ இருக்கிற வரைக்கும்னா சொன்ன? சாமிக்குக் குடுக்குற வாக்குல கெடு வெக்கலாமா?"

நீங்கள் பதிலுக்குச் சிரித்தீர்கள். எனக்கு அந்தச் சிரிப்பின் அர்த்தம் ஒரு வாரம் கழித்துத்தான் விளங்கியது. வயிற்றில் கட்டி. உங்களுக்கு முன்பே தெரிந்திருக்கிறது. புதுச்சேரிக்குப் போய் ஸ்கேன் எடுத்துக்கொண்டு வந்தவர் என்னிடம் நோயைப் பற்றிச் சொன்னதைவிட அவளைப் பற்றித்தான் அதிகம் பேசினீர்கள்.

பிளாக்கில் பேச்சு கிளம்பியது, பேரை எழுதினதால்தான் என்று. எனக்கும் அந்தப் பயம் இருந்தது. கேட்டே விட்டேன். "அக்கா, அவதானா?"

"லூசு. நான் நர்ஸு, எனக்குத் தெரியாதா எதனாலன்னு? வூடு குடுத்தவள யாருனா கொல்லுவாங்களா?" என்றீர்கள். பிறகு குரல் தாழ்ந்தது. "நான் போயிட்டா குவார்ட்டர்ஸ வேற யாருக்காச்சும் குடுத்துடுவாங்க. அவ திரும்பவும் வெயில்ல நிக்கக்கூடாது. அதான் எனக்குக் கவல."

உடம்பு தாங்கும்போதே அவளை மற்ற ஆறு பேரோடு சேர்த்துவிட வேண்டும் என்றீர்கள். மாமாவுக்குச் சொல்லியனுப்பினோம். அவர் ஒத்துக்கொள்வார் என்று நான் நினைக்கவில்லை. மறுநாளே ஒரு லோடு ஆட்டோவோடு வந்தார். புத்தகக் கட்டுகளை நானும் அவரும் தூக்கினோம். எடையே தெரியவில்லை, அக்கா. கட்டுக்கட்டாய்க் காகிதம். என் மகனின் பள்ளிப்பையைவிட லேசாக இருந்தது. மாமா என் முகத்தைப் பார்த்தார், நான் அவர் முகத்தைப் பார்த்தேன்.

வேப்பமரத்தடியில் ஆறு கற்களுக்குப் பக்கத்தில் ஓரிடத்தை மெழுகி வைத்திருந்தார்கள். சூளை வேலைக்குப் போகாமல் குடியிருப்பே கூடியிருந்தது. பிள்ளைகள் முன்வரிசையில். அவர்களில் ஒருவருக்கும் இளையவளின் கதை தெரியாது. பிளாஸ்டிக் நாற்காலியில் சாய்ந்துகொண்டு நீங்கள் படித்தீர்கள். மூச்சு வாங்கியது. பக்கத்துக்குப் பக்கம் நின்று படித்தீர்கள். கல்லை விட்டுவிட்டு வந்த இடம் வந்தபோது அன்றைக்குத் தூக்கப் போன ஆண்களில் மாமாவைத் தவிர மிஞ்சியிருந்த ஒருவர் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

அந்தப் பெயர் வந்தது. நீங்கள் நிறுத்தினீர்கள். இருமலா, வேண்டுமென்றேவா, எனக்குத் தெரியாது. மரத்தில் ஓர் இலைகூட அசையவில்லை. அப்போது மாமா சொன்னார். அத்தனை காலம் பூட்டிவைத்த பெயரை வாய்விட்டுச் சொல்லி, "வா தாயி, வூட்டுக்கு வா," என்றார். பிள்ளைகள் திரும்பச் சொன்னார்கள். பிறகு பெண்கள். மெழுகிய இடத்தில், வெறும் தரையில், உள்ளங்கை அகலத்துக்கு ஈரம் ஊறியது. ஒரு சின்னப் பெண் எழுந்துபோய் அதன் பக்கத்தில் தன் செம்பை வைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். யாரும் அவளுக்குச் சொல்லித் தரவில்லை.

புத்தகங்களை வீட்டுக்கொன்றாகக் கொடுத்தீர்கள். மிச்சத்தை, "கேட்டு வர்றவங்களுக்கு மட்டும் குடுங்க. பயந்தவங்க கையில திணிக்காதீங்க," என்று மாமாவிடம் ஒப்படைத்தீர்கள்.

குவார்ட்டர்ஸ் சுவர் காய்ந்துவிட்டது. அந்த முன்னறையில் பழையபடி புழுக்கம். நீங்கள் அதே கட்டிலில்தான் கடைசி நாட்களைக் கழித்தீர்கள். ஒரு சாயங்காலம் என் கையைப் பிடித்தபடியே போய்விட்டீர்கள். உங்களை அடக்கம் செய்யக் குடியிருப்புக்குத்தான் கொண்டுபோனோம். உங்கள் சனங்கள் கேட்டார்கள், டவுன்ஷிப் விட்டுக்கொடுத்தது. வார்டில் உங்களிடம் கதை கேட்டு வளர்ந்த பிள்ளைகள் ஒரு பஸ் நிறைய வந்தார்கள்.

எனக்கு நீங்கள் விட்டுப்போனது என்ன என்று யோசித்துப் பார்க்கிறேன். சாமி நம்பிக்கை எனக்கு முன்பும் குறைவு, இப்போதும் அப்படியே. குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. கதவு தட்டினால் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்து "யாரு, எந்த பிளாக்?" என்று கேட்டுவிட்டுத்தான் தாழ்ப்பாளைத் தொடுவோம். அந்தப் பழக்கம் என்னிடமிருந்து போய்விட்டது. தட்டினால் முதலில் "வாங்க" என்று சொல்லிவிடுகிறேன். யார் என்பதைப் பிறகு கேட்டுக்கொள்கிறேன். கணவர் திட்டுகிறார். சோப்பு விற்கிறவரிலிருந்து மதப் பிரசங்கி வரை எல்லோரும் நம் வீட்டு நாற்காலியில் உட்கார்ந்து தண்ணீர் குடித்துவிட்டுப் போகிறார்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை மதியம் தட்டும் சத்தம் கேட்டது. "வாங்க," என்றபடி போய்த் திறந்தேன். வாசலில் ஒருவரும் இல்லை. அவளா, நீங்களா என்று நான் கேட்கவில்லை. நான் கதவை உடனே சாத்தவில்லை. ஓர் ஆள் உள்ளே வருவதற்கு எவ்வளவு நேரம் ஆகுமோ, அவ்வளவு நேரம் ஒதுங்கி நின்று வழிவிட்டேன். பிறகு மெதுவாகச் சாத்தினேன்.